ராக்கெட் புகையும் பூமியும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

விண்வெளி பற்றிப் பேசக் கூப்பிடும் இடங்களிலெல்லாம், பேச்சு முடிந்ததும் எழுந்து நிற்கிற முதல் ஆள் கேட்பது பெரும்பாலும் இதுதான்: இத்தனை புகையைக் கக்குகிறதே, இது காற்றைக் கெடுக்காதா? பதில் சொன்னால் அதன் வாலைப் பிடித்துக்கொண்டு அடுத்த கேள்வி வரும். அதே பதில்களைத் திரும்பத் திரும்பச் சொல்லி அலுத்துப்போய் எழுதி வைத்துவிட்டேன். கேள்விகள் கேட்டவர்கள் வாயிலிருந்து வந்தபடியே இருக்கின்றன. எண்களை எல்லாம் தோராயமாக முழுமைப்படுத்தியிருக்கிறேன். கால்குலேட்டரோடு யாரும் சண்டைக்கு வர வேண்டாம்.

ராக்கெட் கிளம்பும்போது அவ்வளவு புகை வருதே, அதெல்லாம் விஷமா?

கிளம்பும் நேரத்தில் ஏவுதளத்தைச் சுற்றி எழும்புவது பெரும்பாலும் நீராவி. எஞ்சின் பற்றிக்கொள்ளும்போது பெரிய குழாய்களைத் திறந்து தண்ணீரைக் கொட்டுவார்கள். சத்தத்தை அடக்கத்தான். அந்த ஒலி அலை கான்கிரீட்டில் மோதித் திரும்பினால் ராக்கெட்டையும் அதன் தலையில் இருக்கும் செயற்கைக்கோளையும் சேதப்படுத்திவிடும். அமெரிக்க விண்வெளி ஓடத்துக்கு 41 விநாடியில் சுமார் 11 லட்சம் லிட்டர் தண்ணீர் கொட்டினார்கள். அது கொதித்து எழும்பும் வெள்ளை மேகத்தைப் பார்த்துத்தான் "ஐயோ, புகை!" என்கிறோம்.

ஆனால் எல்லா வெள்ளை மேகமும் அப்பாவி இல்லை. திட எரிபொருள் ராக்கெட் என்றால் அந்த நீராவியில் அமிலம் கலந்திருக்கும். அந்தக் கதை கீழே வருகிறது.

சரி, ஒரு ராக்கெட் விட்டா எவ்வளவு கார்பன் டை ஆக்சைடு வரும்?

இன்று உலகிலேயே அதிகமாகப் பறக்கும் ஃபால்கன் 9 ராக்கெட்டை எடுத்துக்கொள்வோம். இரண்டு அடுக்குகளிலும் சேர்த்து அதில் சுமார் 155 டன் மண்ணெண்ணெய் இருக்கும், நன்றாகச் சுத்திகரித்த வகை. ஒரு கிலோ மண்ணெண்ணெய் முழுதாக எரிந்தால் மூன்று கிலோவுக்குச் சற்று மேல் கார்பன் டை ஆக்சைடு வரும். "ஒரு கிலோ எப்படி மூன்று கிலோ ஆகும்?" என்று உடனே ஒரு குரல் எழும். எரியும்போது ஒவ்வொரு கார்பன் அணுவும் இரண்டு ஆக்சிஜன் அணுக்களைச் சேர்த்துக்கொள்கிறது. கூடுதல் எடை அதிலிருந்து வருகிறது. எஞ்சினுக்குள் எல்லாம் முழுதாக எரிவதில்லை என்பதையும் கணக்கில் எடுத்தால், ஒரு ஏவுதலுக்கு 400 முதல் 500 டன்.

ஒரு போயிங் 747 லண்டனிலிருந்து நியூயார்க் போக சுமார் 70 டன் எரிபொருள் குடிக்கும். அதாவது ஒரு ஃபால்கன் 9 என்பது அப்படி இரண்டு பயணங்களுக்குக் கொஞ்சம் மேல். ஸ்பேஸ்எக்ஸ் நிறுவனத்தின் ராட்சத ராக்கெட்டான ஸ்டார்ஷிப் வேறு ரகம். முதலில் பறந்த வடிவத்திலேயே 4,600 டன் உந்துபொருள் (எரிபொருளும் அதை எரிக்கும் ஆக்சிஜனும் சேர்ந்தது), அதில் சுமார் 1,000 டன் மீத்தேன். அது முழுதாக எரிந்தால் 2,700 டன் வரை கார்பன் டை ஆக்சைடு வரும்.

அப்போ விமானத்தோட ஒப்பிட்டா ராக்கெட் ஒண்ணுமே இல்லையா?

கார்பன் கணக்கில் மட்டும் பார்த்தால், ஆமாம், ஒன்றுமே இல்லை. 2024-இல் உலகம் முழுக்கச் சுற்றுப்பாதைக்கு ஏவப்பட்ட ராக்கெட்டுகள் சுமார் 260. ஒவ்வொன்றும் 500 டன் விட்டது என்று தாராளமாகவே வைத்துக்கொண்டாலும் மொத்தம் 1.3 லட்சம் டன். விமானங்கள் 2019-இல் விட்டது 90 கோடி டன்னுக்கு மேல். ராக்கெட்டுகள் ஓராண்டில் விடுவதை விமானங்கள் ஒன்றேகால் மணி நேரத்தில் விட்டுவிடுகின்றன.

இந்த இடத்தில் பாதிப் பேர் திருப்தியாகி உட்கார்ந்துவிடுவார்கள். ராக்கெட் விஷயத்தில் "எத்தனை டன் கார்பன்" என்பது தவறான இடத்தில் போட்ட தராசு. எதை விடுகிறது, எந்த உயரத்தில் விடுகிறது என்பதில்தான் சிக்கலே இருக்கிறது. இதற்குக் கீழே உள்ள பதில்கள் எல்லாம் இதைச் சுற்றித்தான்.

எங்க விட்டா என்ன? புகை புகைதானே?

இல்லை. தரைக்குப் பக்கத்தில் விட்ட புகைக்கரியை மழை கழுவிவிடும். சில நாள், அதிகம் போனால் ஓரிரு வாரம். மழை, மேகம், புயல் எல்லாம் வளிமண்டலத்தின் கீழடுக்கோடு முடிந்துவிடுகின்றன. அதற்கு மேலே ஏறக்குறைய 50 கிலோமீட்டர் வரை இருக்கும் ஸ்ட்ராடோஸ்பியரில் (பாடப்புத்தகத்தில் மீள் அடுக்கு) மழை என்ற பேச்சே கிடையாது. அங்கே போய்ச் சேர்ந்த நுண்துகள் தானாக மெல்ல இறங்கி வர வருடக்கணக்கில் ஆகும். ஓசோன் படலம் இருப்பதும் அதே வீட்டில்தான்.

ஒரு ஃபால்கன் 9 கிளம்பி எழுபது விநாடி வாக்கில் பன்னிரண்டு கிலோமீட்டர் உயரத்தைத் தாண்டுகிறது. பயணிகள் விமானங்கள் அதிகபட்சம் பறப்பதும் ஏறக்குறைய அங்கேதான். முதல் அடுக்கு எஞ்சின்கள் அணைவது இரண்டரை நிமிடத்தில், 65 கிலோமீட்டருக்கும் மேலே. ஆக, முதல் அடுக்கின் எரிபொருளில் பாதி அளவு, மழை எட்டாத உயரத்தில்தான் எரிகிறது. எரிமலை எப்போதாவது பொங்கி அங்கே சாம்பலைத் தூக்கிப் போடும். அவ்வளவு உயரம் முழுக்க நேராக ஊடுருவிப் புகை விட்டுக்கொண்டே போகும் மனிதத் தயாரிப்பு என்றால் அது ராக்கெட்தான்.

கரித்துகள்னு பெருசா சொல்றீங்க, அது அவ்வளவு மோசமா?

கறுப்பு வெயிலை உறிஞ்சும், சூடாகும். அந்த எளிய உண்மைதான். கரித்துகள் தன்னைச் சுற்றியுள்ள காற்றைச் சூடாக்குகிறது, வருடக்கணக்கில் அங்கேயே நின்று சூடாக்குகிறது. லண்டன் யுனிவர்சிட்டி காலேஜைச் சேர்ந்த ஆய்வாளர்கள் 2022-இல் வெளியிட்ட கணக்குப்படி, ராக்கெட் விடும் புகைக்கரி, தரைமட்டத்தில் மற்றவை விடும் புகைக்கரியைவிட ஏறக்குறைய 500 மடங்கு அதிகமாகச் சூடேற்றும். அதே ஆண்டு அமெரிக்காவின் கடல், வளிமண்டல ஆய்வு அமைப்பான நோவா இன்னொரு கணக்கு போட்டது. அப்போது ராக்கெட்டுகள் ஆண்டுக்கு சுமார் 1,000 டன் கரியை அங்கே சேர்த்துவந்தன. அது பத்து மடங்கானால் ஸ்ட்ராடோஸ்பியரின் சில பகுதிகள் அரை டிகிரி முதல் இரண்டு டிகிரி வரை சூடாகலாம், காற்றோட்டம் மாறலாம், ஓசோனும் குறையலாம் என்றது.

மண்ணெண்ணெய் எஞ்சின் ஏன் இவ்வளவு கரி கக்குகிறது என்றால், வேண்டுமென்றேதான். எரிபொருளை முழுதாக எரித்தால் எஞ்சினே உருகும் அளவுக்குச் சூடு வரும். அதனால் ஆக்சிஜனைக் கொஞ்சம் குறைத்து, மண்ணெண்ணெயைத் தூக்கலாக விடுகிறார்கள். எரியாமல் போன கார்பன் கரியாகிறது. ஜெட் எஞ்சினில் காற்று தாராளமாகப் புகுவதால் அங்கே கரி மிகக் குறைவு.

நம்பாதவர்களுக்கு ஒரு காட்சி: தரையிறங்கி நிற்கும் ஃபால்கன் 9 முதல் அடுக்கின் படத்தைப் பாருங்கள். போகும்போது பளிச்சென்று வெள்ளையாகப் போனது, வரும்போது அடுப்படியில் கிடந்த பாத்திரம் மாதிரி வந்து நிற்கும். இறங்கும்போது எஞ்சினை மறுபடி மூட்டி, தன் புகைக்குள்ளேயே புகுந்து வந்ததால் ஒட்டிய கரி அது.

ராக்கெட் ஓசோன்ல ஓட்டை போடுதாமே?

ஓசோன் ஓட்டையை உண்டாக்கியவை குளிர்சாதனப் பெட்டியிலும் ஸ்பிரே டப்பாவிலும் இருந்த குளோரோஃபுளோரோகார்பன்கள். அந்தப் பழியை ராக்கெட் தலையில் கட்ட முடியாது. ஆனால் அதே குற்றத்தைச் சின்ன அளவில் செய்யும் ராக்கெட்டுகள் உண்டு, திட எரிபொருள் ராக்கெட்டுகள். அவற்றில் ஆக்சிஜன் தருவது அம்மோனியம் பெர்குளோரேட் என்ற உப்பு. அது எரியும்போது குளோரின் சேர்ந்த ஹைட்ரஜன் குளோரைடு வெளிவருகிறது. கூடவே போடும் அலுமினியப் பொடி, அலுமினிய ஆக்சைடு துகளாகிறது. குளோரின் ஓசோனை உடைக்கும். அந்தத் துகள்களின் மேற்பரப்பு, உடைக்கும் வேதிவினைகளுக்கு மேடை போட்டுக் கொடுக்கும். 1990-களில் விமானத்தில் போய் இந்த ராக்கெட்டுகளின் புகைத் தடத்துக்குள்ளேயே அளந்து பார்த்தார்கள். தடத்துக்குள் மட்டும் சிறிது நேரம் ஓசோன் ஏறக்குறைய இல்லாமலே போயிருந்தது. பிறகு காற்று கலந்து சரியானது.

உலகம் முழுக்கச் சேர்த்துப் பார்த்தால், இப்போதைய ஏவுதல்களால் ஓசோனுக்கு வரும் இழப்பு 0.1 சதவீதத்தைவிடப் பல மடங்கு குறைவு என்பதுதான் சர்வதேச ஓசோன் மதிப்பீடுகள் சொல்வது. பயப்பட ஒன்றுமில்லை, ஏவுதல் எண்ணிக்கை இப்படியே நிற்கும் என்றால். நிற்கவில்லை: 2010-இல் 74 ஏவுதல், 2024-இல் அதைப்போல் மூன்றரை மடங்கு.

அப்போ செய்தியில வந்த 'வானத்தில் ஓட்டை, சிவப்பு வெளிச்சம்' என்னது?

அது அயனிமண்டலத்தில் விழும் ஓட்டை, ஓசோனுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் உயரத்தில் மின்னேற்றம் பெற்ற துகள்கள் இருக்கும் அடுக்கில் ராக்கெட்டின் நீராவியும் மற்ற வாயுக்களும் கலந்தால், அந்த மின்னேற்றம் கொஞ்ச நேரத்துக்கு அழிந்துபோகும். அப்போது வரும் மங்கலான சிவப்பு வெளிச்சத்தைத்தான் படம் பிடிக்கிறார்கள். 2017 ஆகஸ்டில் ஃபோர்மோசாட்-5 செயற்கைக்கோளை ஏற்றிப்போன ஃபால்கன் 9 சுமார் 900 கிலோமீட்டர் அகலத்துக்கு அப்படி ஒரு வெற்றிடத்தை உண்டாக்கியது. சில மணி நேரத்தில் மூடிக்கொண்டது. இடையில் ஜிபிஎஸ் இருப்பிடம் சற்றுப் பிசகலாம், அவ்வளவுதான்.

ஹைட்ரஜன் எரிஞ்சா தண்ணிதானே வரும்? எல்லாரும் அதுக்கே மாறிடலாமே?

எனக்குப் பிடித்த கேள்வி. எஞ்சின் வாயிலிருந்து வருவது தண்ணீர்தான். ஆனால் அந்த ஹைட்ரஜன் எங்கிருந்து வந்தது? இன்று பெரும்பாலும் இயற்கை எரிவாயுவிலிருந்துதான் அதைப் பிரிக்கிறார்கள். ஒரு டன் ஹைட்ரஜன் எடுக்க ஒன்பது, பத்து டன் கார்பன் டை ஆக்சைடு வெளியேறுகிறது. விண்வெளி ஓடத்தின் அந்த ஆரஞ்சு நிறத் தொட்டியில் சுமார் 106 டன் திரவ ஹைட்ரஜன் இருந்தது. கணக்கு போட்டால் தொழிற்சாலையிலேயே ஆயிரம் டன் போய்விட்டது. "அழுக்கான" ஃபால்கன் 9 விடுவதைப்போல் இரண்டு மடங்கு! மைனஸ் 253 டிகிரிக்குக் குளிர வைக்கும் மின்சாரம் தனி. சூரிய, காற்று மின்சாரத்தை வைத்துத் தண்ணீரிலிருந்து பிரித்தால் இந்தக் குறை நீங்கும்.

இரண்டாவது, ஹைட்ரஜன் எடை குறைவு, இடம் அதிகம். தொட்டி பெருத்துவிடும், தரையை விட்டுக் கிளம்பும்போது தள்ளுவிசை போதாது. அதனால் பக்கத்தில் திட எரிபொருள் பூஸ்டர்களைக் கட்டுகிறார்கள். விண்வெளி ஓடத்தில் அப்படி இரண்டு, ஒவ்வொன்றிலும் ஏறக்குறைய 500 டன். ஐரோப்பாவின் ஏரியான் 5, நாசாவின் எஸ்எல்எஸ் ராக்கெட்டுகள் எல்லாம் இதே வழிதான். "ஹைட்ரஜன் ராக்கெட்" என்று பெயர், ஆனால் ஓசோன் கேள்வியில் சொன்ன குளோரினும் அலுமினிய ஆக்சைடும் கூடவே வரும்.

மேலே விடும் நீராவியும் சும்மா இருப்பதில்லை. அங்கே காற்று மிக வறண்டது. விண்வெளி ஓடத்தின் நீராவி சில நாட்களில் துருவப் பக்கம் நகர்ந்து, 80 கிலோமீட்டருக்கு மேலே இரவில் ஒளிரும் மேகங்களாக மாறியதைக் கவனித்திருக்கிறார்கள். இருந்தாலும் கரித்துகளோடு ஒப்பிட்டால் நீராவி நல்ல பிள்ளை.

மீத்தேன் எப்படி? இப்ப எல்லாரும் அதைத்தானே பேசறாங்க?

மண்ணெண்ணெயைவிடக் கரி குறைவு. மூலக்கூறு சின்னது, கார்பன் குறைவு, சுத்தமாக எரியும். ஆனால் எரியாமல் கசிந்தால் நூறு வருடக் கணக்கில் கார்பன் டை ஆக்சைடைப்போல் ஏறக்குறைய 28 மடங்கு சூடேற்றும் வாயு அது. கிணற்றில் எடுக்கும்போது, குழாயில் வரும்போது, தொட்டியில் கொதித்து ஆவியாகும்போது எவ்வளவு தப்பிக்கிறது என்பதையும் சேர்த்துத்தான் மதிப்பெண் போட வேண்டும். அப்புறம், ஸ்டார்ஷிப் அளவு ராக்கெட்டுகள் அடிக்கடி பறந்தால் "கிலோவுக்குக் கரி குறைவு" என்ற நன்மையை மொத்த அளவு விழுங்கிவிடும்.

விஷ எரிபொருள்னு ஒண்ணு இருக்காமே?

இருக்கிறது, ஹைட்ரசீன் குடும்பம். ரஷ்யாவின் புரோட்டான், சீனாவின் பழைய லாங் மார்ச் வகைகள், இந்தியாவின் பிஎஸ்எல்வி இரண்டாம் அடுக்கு என்று பல இடங்களில் உண்டு. நைட்ரஜன் டெட்ராக்சைடோடு சேர்ந்த நொடியில் தானாகவே பற்றிக்கொள்ளும், சாதாரண வெப்பநிலையில் மாதக்கணக்கில் தொட்டியில் வைத்திருக்கலாம். பொறியாளருக்கு இதைவிட வசதி வேண்டுமா? ஆனால் ஹைட்ரசீன் வகைகள் உடலுக்குக் கடும் நஞ்சு, புற்றுநோய் உண்டாக்கக்கூடியவை என்று கருதப்படுபவை. இங்கே பிரச்சினை வானத்தில் இல்லை, தரையில்.

2013 ஜூலை 2 அன்று பைக்கனூர் ஏவுதளத்தில் ஒரு புரோட்டான்-எம் கிளம்பிய சில விநாடிகளில் தலைகீழாகக் கவிழ்ந்து விழுந்தது. சுழற்சியை அளக்கும் சென்சார்களைத் தலைகீழாகப் பொருத்திவிட்டார்கள். நூற்றுக்கணக்கான டன் உந்துபொருளோடு கசாக்ஸ்தான் மண்ணில் வெடித்தது. சீனாவின் உள்நாட்டு ஏவுதளங்களிலிருந்து போகும் ராக்கெட்டுகளின் கழன்ற அடுக்குகள் ஊர்ப்பக்கம் விழுந்து, செம்பழுப்பு நிறத்தில் புகை எழும்பும் காணொளிகளைப் பார்த்திருப்பீர்கள். அந்த நிறம்தான் நைட்ரஜன் டெட்ராக்சைடு. பார்த்தால் படம் எடுக்காமல் ஓட வேண்டிய நிறம். புதிய ராக்கெட்டுகள் பெரும்பாலும் இதைக் கைவிட்டுவருகின்றன.

ஏவுதளத்துக்குப் பக்கத்துல இருக்கற மீன், பறவை எல்லாம் என்ன ஆகும்?

விண்வெளி ஓடம் பறந்த காலத்தில் கென்னடி விண்வெளி மையத்தை ஒட்டிய ஆழமில்லாத உப்பங்கழியில், ஏவிய பிறகு சின்ன மீன்கள் செத்து மிதக்கும். முதல் கேள்வியில் சொன்ன அமில மேகம் இதுதான்: பூஸ்டரின் ஹைட்ரஜன் குளோரைடு தண்ணீர்த் துளிகளில் கரைந்து பக்கத்திலேயே விழுந்தது. பாதிப்பு ஏவுதளத்தை ஒட்டிய சிறிய பரப்போடு நின்றது.

அதே மையத்தின் நிலம் 1963 முதல் மெரிட் தீவு வனவிலங்குப் புகலிடமாகவும் இருக்கிறது. பாதுகாப்புக்காக ஆட்களை அண்டவிடாததால் கட்டடங்கள் முளைக்கவில்லை, பறவைகள் பிழைத்தன. இதையே எல்லா இடத்துக்கும் சான்றிதழாக நீட்ட முடியாது. 2023 ஏப்ரல் 20-இல் டெக்சாஸின் போகா சிகாவில் ஸ்டார்ஷிப் முதல்முறை கிளம்பியபோது தளத்தின் கான்கிரீட் பெயர்ந்து தெறித்தது, பல கிலோமீட்டர் தள்ளியிருந்த ஊரில் தூசி படிந்தது, பக்கத்துப் பூங்கா நிலத்தில் தீப்பிடித்தது. தண்ணீர் பீய்ச்சும் அமைப்பு அதற்குப் பிறகுதான் வந்தது. ஏவுதளம் எங்கே அமைகிறது என்பதும் எரிபொருள் அளவுக்கு முக்கியம்.

பறக்கும்போது வர்றதை மட்டும் பேசறீங்க. தயாரிக்கறதுல?

அலுமினியம் உருக்குவது, கார்பன் இழை செய்வது, ஆக்சிஜனைத் திரவமாக்குவது எல்லாம் மின்சாரம் தின்னும் வேலைகள். ஒருமுறை பறந்து கடலில் விழும் ராக்கெட்டுக்கு இது பெரிய பங்கு.

எரிபொருள் தொழிற்சாலைக் கதை ஒன்று மட்டும் சொல்கிறேன். திட எரிபொருளுக்கான பெர்குளோரேட் உப்பை அமெரிக்காவின் நெவாடா மாநிலம் ஹெண்டர்சனில் பல பத்தாண்டுகள் தயாரித்தார்கள். அது நிலத்தடி நீரில் இறங்கி, மீட் ஏரிக்கும் கொலராடோ ஆற்றுக்கும் போய்ச் சேர்ந்தது. தைராய்டு சுரப்பி அயோடினை எடுத்துக்கொள்வதைத் தடுக்கும் பொருள் அது. சுத்தப்படுத்தும் வேலை இந்த நூற்றாண்டிலும் தொடர்கிறது.

திரும்பத் திரும்பப் பயன்படுத்தற ராக்கெட் வந்துட்டா பிரச்சினை தீர்ந்துச்சில்ல?

முந்தைய கேள்வியின் பிரச்சினை குறையும். ஃபால்கன் 9 முதல் அடுக்குகளில் சில முப்பது தடவைக்கு மேல் பறந்திருக்கின்றன. முப்பது அடுக்கு செய்ய வேண்டிய இடத்தில் ஒன்று. எஞ்சின்களும் கடலுக்குள் போகவில்லை. நல்லதுதான். ஆனால் இறங்குவதற்கென்று எரிபொருளை மிச்சம் வைக்க வேண்டும், அதனால் ஏற்றும் சரக்கு குறையும். இரண்டாம் அடுக்கு இன்னும் ஒவ்வொரு முறையும் புதிதுதான்.

பெரிய விஷயம் வேறு. செலவு குறைந்ததும் ஏவுதல் பெருகியது. தலைக்குக் குறைந்து மொத்தத்தில் கூடும் வழக்கமான கதை. கரித்துகள் ராக்கெட் புதிதா பழையதா என்று பார்ப்பதில்லை, எத்தனை தடவை பறந்தது என்றுதான் பார்க்கிறது.

ஆயுள் முடிஞ்ச செயற்கைக்கோள் வானத்திலேயே எரிஞ்சு சாம்பலாயிடுது. அதோட முடிஞ்சதுதானே?

நானும் ரொம்ப நாள் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தேன். எரிந்து போனது எங்கேயும் போய்விடவில்லை, ஆக்சைடு துகளாக மேலேயே நிற்கிறது. இதைக் கண்டுபிடித்த விதம் சுவாரசியமானது. நாசாவின் டபிள்யூபி-57 விமானத்தின் மூக்கில் ஒரு கருவியைப் பொருத்தி, சுமார் 19 கிலோமீட்டர் உயரத்தில் பறக்கவிட்டு, காற்றிலுள்ள துகள்களை ஒவ்வொன்றாக லேசரால் உடைத்து, உள்ளே என்ன உலோகம் இருக்கிறது என்று பார்த்தார்கள். எரிகல் தூசி கிடைக்கும் என்பதுதான் எதிர்பார்ப்பு. நியோபியமும் ஹாஃப்னியமும் வந்தன. எரிகல்லில் அவை இந்த அளவுக்கு இருக்காது. ராக்கெட் எஞ்சின் கலப்பு உலோகங்களில் இருக்கும். 2023-இல் வெளியான முடிவு: அங்குள்ள பெரிய கந்தக அமிலத் துகள்களில் ஏறக்குறைய 10 சதவீதத்தில் விண்கலங்களிலிருந்து வந்த அலுமினியமும் பிற உலோகங்களும் இருக்கின்றன.

250 கிலோ எடையுள்ள ஒரு செயற்கைக்கோள் எரிந்தால் சுமார் 30 கிலோ அலுமினிய ஆக்சைடு நுண்துகள் மிஞ்சும் என்று 2024-இல் ஒரு கணக்கீடு வந்தது. வானில் இப்போது இயங்கும் செயற்கைக்கோள்கள் பத்தாயிரத்துக்கும் மேல். அதில் பாதிக்கும் மேற்பட்டவை ஸ்பேஸ்எக்ஸின் இணையச் செயற்கைக்கோள்களான ஸ்டார்லிங்குகள்; அவற்றின் ஆயுள் ஐந்து வருடம் என்று வைத்தே வடிவமைத்திருக்கிறார்கள். போட்டது போட்டபடி எரிந்து இறங்கப்போகிறது.

தினமும் டன் கணக்குல எரிகல் விழுதே, அதுக்கு முன்னாடி இதெல்லாம் எம்மாத்திரம்?

மொத்த எடையில் எரிகல்தான் இன்னும் முன்னால் நிற்கிறது. ஆனால் எரிகல்லில் இருப்பவை பெரும்பாலும் இரும்பு, மெக்னீசியம், சிலிக்கான். அலுமினியம் மிகக் கொஞ்சம். செயற்கைக்கோளோ பெரும்பகுதி அலுமினியம். அதனால் எடையைத் தட்டில் வைத்துப் பார்த்தால் ஏமாந்துவிடுவோம். அலுமினியத்தை மட்டும் பிரித்துப் பார்த்தால் நம் பங்கு இப்போதே எரிகல்லைத் தாண்டிவிட்டது.

ஜப்பானின் கியோட்டோ பல்கலைக்கழகம் இதற்கு ஒரு வேடிக்கையான வழியை முயன்றது: மரத்தாலான செயற்கைக்கோள். மக்னோலியா மரத்தில் செய்த கையடக்கப் பெட்டி, 2024-இல் போனது. பெரிய செயற்கைக்கோள்களை இப்படிச் செய்ய முடியுமா என்று எனக்குச் சந்தேகம்தான், இருந்தாலும் யோசனை பிடித்திருந்தது.

விண்வெளிக் குப்பையை சீக்கிரம் எரிச்சிடணும்னும் சொல்றாங்க, எரிக்கறது கெடுதல்னும் சொல்றாங்க. எதைத்தான் செய்யறது?

சரியான இடத்தில் கை வைத்திருக்கிறீர்கள். ஆயுள் முடிந்ததை மேலேயே விட்டால் மோதி நொறுங்கும். அதனால் தாழ்ந்த சுற்றுப்பாதையில் உள்ளவற்றை 25 வருடத்துக்குள் இறக்க வேண்டும் என்றிருந்த வழக்கத்தை அமெரிக்காவின் தகவல் தொடர்பு ஆணையம் 2022-இல் ஐந்து வருடமாகக் குறைத்தது. மோதல் அபாயத்துக்கு அது நல்ல விதி. அதே விதிதான் எரியும் அலுமினியத்தை வேகப்படுத்துகிறது.

மோதல் என்பது உடனடி ஆபத்து, துகள் என்பது மெதுவாகச் சேரும் ஆபத்து. இன்றைக்கு ஒன்றைத் தேர்ந்தெடு என்றால் இறக்கத்தான் சொல்வேன். ஆனால் உண்மையான தீர்வு குறைவாக அனுப்புவதும், அனுப்பியதை நீண்ட நாள் உழைக்க வைப்பதும்தான். ஐந்து வருடத்தில் தூக்கிப்போடும் பொருளை ஆயிரக்கணக்கில் அனுப்புவது வணிக முடிவு, இயற்பியல் விதி இல்லை.

பணக்காரங்க பத்து நிமிஷம் விண்வெளி போயிட்டு வர்றாங்களே, அது?

மொத்தத்தில் சின்னது, தலைக்கணக்கில் மோசம். புளூ ஆரிஜின் நிறுவனத்தின் நியூ ஷெப்பர்ட் ஹைட்ரஜனில் ஓடியது, ஆக ஹைட்ரஜன் கேள்வியில் சொன்னதெல்லாம் பொருந்தும். விர்ஜின் கேலக்டிக்கின் ஸ்பேஸ்ஷிப்டூ ரப்பர் போன்ற திடப்பொருளை நைட்ரஸ் ஆக்சைடில் எரித்தது. கரிக்கு அது பேர்போனது. அந்த மாதிரி ஏவுதல் ஆண்டுக்கு ஆயிரம் நடந்தால் 600 டன் கரி சேரும் என்று 2010-லேயே கணக்கு போட்டுவிட்டார்கள். கூட்டம் அவ்வளவு வரவில்லை என்பதால் தப்பித்தோம்.

தாவர எரிபொருள் போட்டு, மரமும் நட்டு 'கார்பன் நடுநிலை'ன்னு சொல்லிட்டா சரியாயிடுமா?

முதல் மூன்று கேள்விகளைப் படித்தவர்களுக்குப் பதில் தெரிந்திருக்கும். கார்பன் கணக்கு இங்கே இருப்பதிலேயே சின்னப் பிரச்சினை. அதைத் தீர்த்துவிட்டு மாலை போட்டுக்கொள்வது, காய்ச்சல்காரருக்கு நகம் வெட்டிவிட்ட மாதிரி. செடியிலிருந்து வந்த கார்பனும் எஞ்சினில் சரியாக எரியாவிட்டால் அதே கரிதான். ஸ்ட்ராடோஸ்பியரில் நட மரமும் கிடையாது.

இதுக்கெல்லாம் சட்டம் எதுவும் இல்லையா?

ஏவுதளத்தைச் சுற்றியுள்ள நிலம், நீர், சத்தம் பற்றி நாடுகளிடம் விதிகள் உண்டு. மேலே விடுவதற்குப் பெரிதாக ஒன்றுமில்லை. ஓசோனைக் காக்க 1987-இல் வந்த மான்ட்ரியல் உடன்படிக்கையின் பட்டியலில் ராக்கெட் புகை இல்லை. 1967-இன் விண்வெளி ஒப்பந்தம் பூமியின் சூழலைப் பற்றிக் கவலைப்படுகிறது, ஆனால் அந்தக் கவலை வெளியிலிருந்து கொண்டுவரும் வேற்றுலகப் பொருளால் கெடுதல் வரக்கூடாது என்பது. நாமே மேலே அனுப்பி நாமே எரித்து இறக்கும் அலுமினியத்தை அன்றைக்கு யாரும் யோசிக்கவில்லை.

அப்போ ராக்கெட்டே விடக்கூடாதுங்கறீங்களா?

இல்லவே இல்லை. கடல்மட்டம் ஏறுவதை, பனிப்பாறை உருகுவதை உலக அளவில் அளப்பது செயற்கைக்கோள்தான். 2017-இல் போன சென்டினல்-5பி, குழாய்களிலும் குப்பை மேடுகளிலும் கசியும் மீத்தேனை மேலிருந்து காட்டிக்கொடுக்கிறது. அப்படி ஒரு கசிவை அடைத்தாலே அதை ஏவிய புகைக்கு எத்தனையோ மடங்கு ஈடு.

நான் கேட்பது இரண்டு. ஒன்று, எஞ்சின் ஒவ்வொன்றும் எவ்வளவு கரி விடுகிறது என்பதைப் பறக்கும்போதே அளந்து வெளியிட வேண்டும். இன்று பெரும்பகுதி கணினி மாதிரிகளை வைத்துத்தான் பேசுகிறோம். இரண்டு, எதற்காகப் போகிறது என்று கேட்க வேண்டும். புயலைப் பார்க்கப் போகும் செயற்கைக்கோளும், விளம்பரத்துக்காக மேலே போகும் காரும் ஒரே புகையைத்தான் விடுகின்றன.

நேரலையில பார்க்கும்போது எது எந்த எரிபொருள்னு எப்படிக் கண்டுபிடிக்கறது?

சுடர் கண்ணைப் பறிக்கும் ஆரஞ்சு மஞ்சளாக இருந்தால் மண்ணெண்ணெய். அந்த வெளிச்சமே சூடேறி ஒளிரும் கரித்துகள்தான். நீலமும் ஊதாவுமாக இருந்தால் மீத்தேன். சுடரே சரியாகத் தெரியவில்லை, ஆனால் ராக்கெட் மட்டும் மேலே போகிறது என்றால் ஹைட்ரஜன். கெட்டியான வெள்ளைத் தூண் மாதிரி புகை எழும்பி, ராக்கெட் மறைந்த பிறகும் காற்றில் கோணல்மாணலாக நின்றால் திட எரிபொருள். அந்த வெள்ளை, அலுமினிய ஆக்சைடு. இந்தியாவின் எல்விஎம்3 ராக்கெட்டை ஏவும்போது பாருங்கள், தலைக்கு 200 டன்னுக்கு மேல் கொண்ட இரண்டு திட பூஸ்டர்கள் போட்ட தூண் நன்றாகத் தெரியும்.

அந்தி நேரத்து ஏவுதல் என்றால் கொஞ்சம் பொறுத்திருங்கள். தரையில் இருட்டியிருக்கும், மேலே இன்னும் வெயில் இருக்கும். முதல் அடுக்கு கழன்றதும் புகை ஜெல்லிமீன் மாதிரி வானத்தில் பாதியை அடைத்து விரியும். அங்கே காற்றின் அழுத்தம் கிட்டத்தட்ட இல்லை, அதனால்தான் அவ்வளவு பெரிதாக விரிகிறது.